எங்கள் காட்டில் விளையாத ரொட்டி

தொழுவத்தில் இரண்டு மாடு கறக்கிறது. நானோ புதன்கிழமைதோறும் கொழிஞ்சாம்பாறைக் கடைத்தெருவுக்குப் போய் பாக்கெட் பால் வாங்கி வந்தேன். வீட்டைச் சுற்றிக் கோழி மேய்கிறது, முட்டையும் கடையில்தான். கடைக்காரர் சூசையப்பன் முதல் மாதம் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார். இரண்டாம் மாதம் காரணம் கேட்டார். மூன்றாம் மாதத்திலிருந்து நான் படியேறும்போதே பாலையும் முட்டையையும் எடுத்து மேசைமேல் வைத்துவிடுவார். இதற்குள் ஊருக்கே காரணம் தெரிந்திருக்கும்.

காரணம் என் வீட்டுக்காரர். பேர் பூபதிராஜா. ராஜா என்று சும்மா வைக்கவில்லை, கோபம் வந்தால் நாட்டையே எழுதிக் கொடுத்துவிட்டுப் போகிற ஆள். அவரைப் பெற்ற மாரப்பன், என் மாமனார், அதற்கு ஒரு படி மேல்.

எங்கள் பக்கம் வயலும் தோப்பும் சேர்ந்ததைக் காடு என்போம். எங்கள் காட்டில் தென்னை உண்டு. சித்தூர் தாலுக்காவில் தென்னையைக் கள்ளுக்கு விடுவது ஒன்றும் புதிதல்ல, பாதித் தோப்பில் மரத்துக்கு மரம் பானை தொங்கும். மாமனார் மட்டும் விடமாட்டார். தேங்காய் காய்க்கிற மரத்தில் கத்தி படக்கூடாது என்பார். இரண்டு வருடத்துக்கு முன் அவர் உடுமலைக்கு ஒரு கல்யாணத்துக்குப் போயிருந்த நேரம் பார்த்து, மகன் பன்னிரண்டு மரத்தைக் கள்ளுக்குப் பேசிவிட்டார். மாமனார் திரும்பி வந்தபோது மரமேறிகள் வாசலில் நிற்கிறார்கள், மகன் உள்ளே சாப்பிட்டுக்கொண்டிருக்கிறார்.

"என்ற காட்டுச் சோத்தத் தின்னு போட்டு என்ற மரத்தையே சீவ வெச்சுப் போட்டயா. நீ தின்னது சோறா, வேற என்னமோவா?" என்று மாமனார் வாசலில் நின்றே கேட்டார். நான்கு பேர் காதில் விழ.

என் வீட்டுக்காரர் தட்டிலேயே கையைக் கழுவினார். "இந்தக் காட்டுல வெளைஞ்சது ஒண்ணும் இனி என் வாயில படாதுங்க" என்றார். அந்தக் கோபத்திலும் ‘ங்க’ மட்டும் போகவில்லை. சாயங்காலம் பையை எடுத்துக்கொண்டு ஓசூருக்குப் போய் லாரியில் ஏறிவிட்டார். ஒரு வாரத்துக் கோபம் என்று நினைத்துக்கொண்டு, அவர் சட்டைகளைத் துவைத்து மடித்து வைத்தேன்.

அவரோடு நான் ஏன் போகவில்லை என்று கேட்கிறார்கள். எங்கே போவது? ஓசூரில் எட்டு டிரைவர்கள் ஒரு தகரக் கொட்டகையில் படுக்கிறார்கள். இங்கே மாமனார் தனி ஆள். மாமியார் என் கல்யாணத்துக்கு முந்தின வருடமே போய்விட்டார். கண் சரியாகத் தெரியாத மனிதரை மாட்டோடும் மோட்டாரோடும் விட்டுவிட்டுப் போக எனக்கு மனம் வரவில்லை. அது நல்ல மனம் என்று சொல்லவில்லை. அதற்காகப் பல நாள் என்னை நானே திட்டியிருக்கிறேன்.

மிஞ்சியது வியாழக்கிழமை மட்டும். வியாழக்கிழமை அவர் ஓசூரிலிருந்து கொச்சிக்கு லோடு ஏற்றி வருவார். காலை ஆறரைக்கு வாளையார் செக்போஸ்ட் தாண்டி, சிமென்ட் பேக்டரிப் பக்கம் ஒரு டீக்கடை முன்னால் வண்டியை ஓரங்கட்டுவார். மதியத்துக்குள் கொச்சியில் சரக்கை இறக்க வேண்டும். அதனால் இருபது நிமிடம்தான். நான் வேலந்தாவளம் வழியாக ஸ்கூட்டியில் போய்ச் சேருவேன். முகம் கழுவ ஐந்து நிமிடம், சாப்பிடப் பத்து நிமிடம், மிச்சம் ஐந்து நிமிடத்தில் ஒரு குடித்தனம். விசேஷம் ஒன்றும் இல்லையா என்று கேட்கிற பெண்களிடம் இந்தக் கணக்கைச் சொல்லிப் பார்த்தேன். அதற்குப் பிறகு அவர்கள் கேட்பதில்லை.

முதல் வியாழக்கிழமை இட்லி கொண்டுபோனேன். மூடியைத் திறந்தார். "அரிசி யாருது?" என்றார்.

"நம்மளுதுதானுங்க."

மூடியை மூடி என் கையில் கொடுத்துவிட்டு வண்டியில் ஏறினார். லாரிப் புழுதியில் நின்றுகொண்டு ஆறு இட்லியையும் நானே தின்றேன். அழுதுகொண்டே தின்றால் இட்லி தொண்டையில் நிற்கும் என்று அன்றைக்குத்தான் தெரிந்தது.

அதற்குப் பிறகு யோசித்துப் பார்த்தால், எங்கள் அடுப்படியில் காட்டைத் தொடாத பண்டமே கிடையாது. அரிசி எங்களுடையது, உளுந்து எங்களுடையது, கடலை, தேங்காய், வாழை, பால், மோர் எல்லாம் எங்களுடையது. கடை அரிசி வாங்கிச் செய்யலாம்தான். நெல் விளைகிற வீட்டில் கடை அரிசி வெந்தால் மாமனார் அன்றைக்கே படுத்துக்கொள்வார். ஓட்டல் தோசை வாங்கிக் கொடுப்பதற்கு நான் வேண்டியதில்லை, டீக்கடையிலேயே கிடைக்கும். என் கையால் செய்ததாக இருக்க வேண்டும், எங்கள் காட்டில் விளைந்ததாக இருக்கக் கூடாது. இந்த இரண்டுக்கும் நடுவில் ஒரு பலகாரத்தை எங்கே போய்த் தேடுவது?

தேடிக் கொடுத்தவள் ரோசி. கொழிஞ்சாம்பாறையில் பேக்கரி வைத்திருக்கிறாள். அதற்கு முன் மூணாறில் ஒரு தங்கும் விடுதியின் சமையலறையில் ஆறு வருடம் வேலை பார்த்தவள். நான் கதையைச் சொன்னதும் சிரிக்கவில்லை. அதற்காகவே அவளை எனக்குப் பிடிக்கும்.

"கேசரோல் செய்யி. வெள்ளைக்காரங்களுக்கு நான் தினம் செஞ்சது. முந்தின நாள் சாயங்காலமே எல்லாம் அடுக்கி பிரிட்ஜில வெச்சிரணும். காலையில ஓவன்ல தள்ளினா போதும். உங்க காடு அதுல எங்கயும் வராது" என்றாள்.

நேற்றைய ரொட்டிதான் வேண்டும். இன்றைக்குச் சுட்டதென்றால் பாலைக் கண்டதும் கூழாகிவிடும். கையால் துண்டு துண்டாகப் பிய்த்துக் கண்ணாடிப் பாத்திரத்தில் பரப்ப வேண்டும். கோழி சாசேஜை வட்டமாக நறுக்கி வெங்காயத்தோடு வெண்ணெயில் வதக்கி நடுவில் நடுவில் செருக வேண்டும். மேலே சீஸைத் துருவிப் போட வேண்டும். ஆறு முட்டை, அரை லிட்டர் பால், உப்பு, மிளகுத்தூள் அடித்து மெதுவாக ஊற்ற வேண்டும். ஊற்றிவிட்டுக் கரண்டியால் அமுக்கக் கூடாது. ரொட்டி தானாகக் குடிக்கும். கடைசியில் சர்க்கரையும் வெண்ணெயும் பட்டைத்தூளும் பிசைந்து மேலே தூவி மூடி வைக்க வேண்டும். காலையில் முக்கால் மணி நேரம். மேலே இனிப்பாக மொறுமொறுவென்று, உள்ளே உப்பும் காரமுமாக மெத்தென்று இருக்கும். உப்புப் பண்டத்தில் இனிப்பா என்று நானும்தான் முகம் சுளித்தேன். என் வீட்டுக்காரர் உப்புமாவுக்குச் சர்க்கரை தொட்டுக்கொள்கிற ஆள் என்பது அப்போதுதான் ஞாபகம் வந்தது.

கல்யாணச் சீராக வந்த ஓவனைப் பரணிலிருந்து இறக்கினேன். முதல் தடவை அதில் என் வயிற்றெரிச்சலையும் சேர்த்துத்தான் சுட்டேன்.

மாமனார் தடுக்கவில்லை. "ரொட்டி காய்ச்சக்காரன் திங்கறது" என்றதோடு சரி. அவர் கணக்கில் அது சாப்பாடே இல்லை, அதனால் மானக்கேடும் இல்லை. ஆனால் வியாழக்கிழமை விடிவதற்கு முன்பே எழுந்துவிடுவார். மாடு கறக்க இன்னும் நேரம் இருக்கும். சமையலறை நிலைப்படியில் உட்கார்ந்துகொண்டு ஓவனின் சிவப்பு வெளிச்சத்தையே பார்ப்பார். நான் திரும்பி வந்ததும் மகன் எப்படி இருக்கிறான் என்று கேட்கமாட்டார். "ஏன் அம்மிணி, பாத்தரம் காலியாச்சா?" என்பார். காலி என்றால் அன்றைக்கு இரண்டு வாய் சோறு கூடுதலாக இறங்கும். கூப்பிடலாமே மாமா என்று ஒரு தடவை வாய்விட்டுக் கேட்டேன். "நானா போகச் சொன்னேன்? அவனாப் போனான், அவனா வரோணும்" என்றார். அதோடு அந்தப் பேச்சு முடிந்தது.

இப்படியே ஒன்றரை வருடம் ஓடியது. அவர் சாப்பிடுவார், நான் பார்ப்பேன். மீசையில் ஒட்டிய சர்க்கரையை முந்தானையால் துடைத்துவிடுவேன். நாலு பேர் பார்க்கிறார்கள் என்பார், ஆனால் முகத்தைத் திருப்பிக்கொள்ளமாட்டார். இருபது நிமிடம் முடிந்ததும் க்ளீனர் ஹாரன் அடிப்பான். அந்த ஹாரன் சத்தம் வீடு வரை என் கூடவே வரும். ராத்திரி கட்டிலின் அந்தப் பக்கம் கையை நீட்டிப் பார்க்கிற பழக்கம் எனக்கு இன்னும் போகவில்லை. எனக்கு அவர் வேண்டும். இதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை. கட்டினவர் வீட்டில் வேண்டும் என்று நினைப்பதில் என்ன வெட்கம்?

போன மாதம் ஒரு புதன்கிழமை ஹர்த்தால். கடை ஒன்றும் திறக்கவில்லை. ரொட்டியும் முட்டையும் முந்தின நாளே வாங்கி வைத்திருந்தேன். கடையில் பால் மட்டும் அதற்குள் தீர்ந்துபோயிருந்தது. ரோசியிடமும் இல்லை. சாயங்காலம் ரொட்டியைப் பிய்த்துப் பரப்பிவிட்டு நிற்கிறேன். மாமனார் கறந்த பாலைக் கொண்டுவந்து மேடையில் வைத்துவிட்டுப் போகிறார். செவலை மாட்டுப் பால், நுரை அடங்காமல்.

தெரிந்துவிட்டால் என்ன ஆகும் என்று யோசித்தேன். இந்த மனிதர் இட்லியைத் திருப்பிக் கொடுத்துவிட்டு வண்டியேறினவர். நான் ஏமாற்றினேன் என்று தெரிந்தால் வாளையாரில் நிற்காமலே போய்விடுவார், அந்த இருபது நிமிடமும் போய்விடும். ஆனால் இன்னொரு பக்கம், வாயில் பட்டுவிட்டால் சபதம் முறிந்துபோகுமே. முறிந்த சபதத்தை யார் கட்டிக் காப்பார்கள்? அரை லிட்டர் அளந்து ஊற்றினேன். ரொட்டி குடித்துவிட்டது.

காலையில் அவர் ஒரு வாய் வைத்தார். மென்றார். என்னை ஒரு தடவை பார்த்தார். "இன்னைக்கு நல்லாருக்குது" என்றார். மிச்சம் வைக்காமல் தின்றார்.

அடுத்த வாரம் எங்கள் கோழி முட்டை போட்டேன். மஞ்சள் கரு கடை முட்டையைப் போல் வெளுப்பாக இருக்காது, நன்றாகச் சிவந்திருக்கும். அதையும் அவர் மிச்சமில்லாமல் தின்றார். எனக்குத் துணிச்சல் வந்துவிட்டது. மூன்றாம் வாரம் பூவன் பழத்தை வில்லை வில்லையாக அரிந்து அடுக்கி, அதன்மேல் தேங்காய்த் துருவல் தூவினேன். எந்த மரத்துத் தேங்காய் என்று கேளுங்கள். சண்டை வந்ததே, கடைசியில் கள்ளுக்கு விடாமலே போன அந்தப் பன்னிரண்டில் ஒன்று. காலையில் அது பொன்னிறமாக வறுபட்டு வீடே மணத்தது. நிலைப்படியில் உட்கார்ந்திருந்த மாமனார் மூக்கை உறிஞ்சினார், என்னை ஏறிட்டுப் பார்த்தார், மாட்டுப் பக்கம் போய்விட்டார்.

வாளையாரில் அவர் தேங்காயை விரலால் தொட்டுப் பார்த்தார். பிறகு சாப்பிட்டார். பாத்திரத்தின் மூலை வரை வழித்துத் தின்று தண்ணீர் குடித்த பிறகு நான் சொன்னேன். ஜெயித்த மாதிரிதான் சொன்னேன்.

"ஏனுங்க, ஒண்ணு சொன்னாக் கோவிக்கக் கூடாது. மூணு வாரமா நீங்க தின்னது நம்ம காட்டுதுதான். பாலு, முட்டை, பழம், இப்பத் தின்ன தேங்கா எல்லாம். உங்க சத்தியம் ஒடஞ்சு மூணு வாரமாச்சுங்க. இனி ஊட்டுக்கு வாரதுக்கு என்னங்க?"

அவர் கையைத் துடைத்துக்கொண்டார். "தெரியும்" என்றார்.

"என்ன தெரியும்?"

"மொத வாரமே தெரியும். செவலைக்குப் பருத்திக்கொட்டை வெச்சு வளத்தவன் நான். அந்தப் பால் மணம் எனக்குத் தெரியாதா?"

"தெரிஞ்சுமா தின்னீங்க?"

"நீ செஞ்சிருந்தே. தின்னேன்."

எனக்குச் சந்தோஷம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. சபதம்தான் அவரைத் தடுத்துக்கொண்டிருக்கிறது என்று இரண்டு வருடம் அதோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தேன். அது முறிந்து மூன்று வாரமாகியும் மனிதர் வாளையாரைத் தாண்டிக் கொச்சிக்குப் போய்க்கொண்டுதான் இருந்திருக்கிறார்.

"அப்பறம் ஏனுங்க வரலை?"

"யாரு கூப்புட்டாங்க? நாலு பேரு முன்னால சோத்தச் சொல்லிக் காட்டின ஊட்டுக்கு, கூப்புடாம எப்புடி வாரது? அப்பா ஒரு வார்த்த கூப்புடட்டும்."

"நான் வாராவாரம் கூப்புடறனே. இத்தன நாளா இந்தப் பாத்தரத்தத் தூக்கீட்டு வாரது எதுக்குன்னு நெனச்சீங்க?"

அவர் என்னைப் பார்க்கவில்லை. டயரைப் பார்த்தார். "நீ கூப்புடறது வேற, பிரியா" என்றார்.

க்ளீனர் ஹாரன் அடித்தான். அவர் போய்விட்டார். நான் ஸ்கூட்டியைக் கிளப்பக்கூடத் தோன்றாமல் அங்கேயே நின்றேன். வேறயாம். விடியாத நேரத்தில் எழுந்து சுட்டு, பனியில் ஸ்கூட்டி ஓட்டி, லாரிகளுக்கு நடுவில் வந்து நின்று கூப்பிடுகிறவள் கூப்பிட்டால் அது வேற. வீட்டை விட்டு வெளியே வராத ஒரு மனிதர் ஒரே ஒரு வார்த்தை சொன்னால் அதுதான் அழைப்பு. அங்கே அவர், அவனாக வரட்டும் என்கிறார். இங்கே இவர், அவராகக் கூப்பிடட்டும் என்கிறார். நடுவில் பாத்திரம் தூக்குகிற ஆள் நான். அன்றைக்கு வந்த கோபம் எனக்கு ஜென்மத்தில் வந்ததில்லை. வீட்டுக்கு வந்ததும் மாமனார் வழக்கமான கேள்வியைக் கேட்டார். "நீங்களே பாத்துக்குங்க" என்று பாத்திரத்தை அவர் முன்னால் வைத்துவிட்டுப் போய்விட்டேன்.

அந்த ஒரு வாரம் என் மனதில் ஓடியதெல்லாம் ஒன்றுதான். போகாமல் இருந்தால் அந்த இருபது நிமிடத்தையும் இழக்கலாம். அவருக்கும் ரோஷம் வந்து அந்தப் பாதையையே மாற்றிக்கொள்ளலாம். போனால் இன்னும் பத்து வருடம் இப்படியே போகலாம். இரண்டுமே பயமாக இருந்தது. பத்து வருடம்தான் கொஞ்சம் அதிகப் பயமாக இருந்தது.

புதன்கிழமை சாயங்காலம் வழக்கம்போல ரொட்டி பிய்த்தேன். இந்தத் தடவை எல்லாமே வீட்டுப் பண்டம்; ரொட்டியும் சாசேஜும் சீஸும் சர்க்கரையும் மட்டும்தான் கடையில் வாங்கியது. காலையில் சுட்டேன். பாத்திரத்தைத் துணியில் கட்டவில்லை. கூடத்து மேசைமேல் வைத்து, இரண்டு தட்டை எடுத்துப் போட்டுவிட்டு உட்கார்ந்துகொண்டேன்.

மாமனார் மாடு கறந்துவிட்டு வந்தார். மணி ஆறு. ஸ்கூட்டி வாசலிலேயே நிற்பதைப் பார்த்தார். "இன்னைக்குப் போகலையா அம்மிணி?"

"இல்லீங்க மாமா. இனிப் போறதா இல்லீங்க. திங்கறவங்க வந்து தின்னுக்கட்டும்."

அவர் தோளில் கிடந்த துண்டை எடுத்து, உதறி, மறுபடியும் தோளிலேயே போட்டுக்கொண்டார். பிறகு எதிர் நாற்காலியில் உட்கார்ந்தார். ஆறரை ஆனது. ஆறு நாற்பதானது. வாளையாரில் அந்த டீக்கடை முன்னால் ஒருத்தர் சாலையைப் பார்த்துக்கொண்டு நிற்பது என் கண்ணுக்குள் தெரிந்தது. எழுந்து ஓடிப்போய் ஸ்கூட்டியை எடுத்துவிடலாம் என்று கால் துடித்தது. நாற்காலியின் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன்.

போன் அடித்தது. அவர்தான். நான் எடுக்கவில்லை. அடித்து நின்றது. மறுபடி அடித்தது. போனை மேசைமேல் மாமனார் பக்கமாகத் தள்ளி வைத்தேன். அவருக்கு எழுத்துத் தெரியாவிட்டாலும் அதில் தெரிகிற படம் யாருடையது என்று தெரியும்.

"எடு அம்மிணி, பையன் நிக்கறான்" என்றார்.

"என்னையக் கூப்புட்டு என்னங்க மாமா பண்றது? நான் கூப்புடறது அவரு கணக்குல இல்லீங்க. உங்க வார்த்தைக்குத்தான் காத்துட்டு இருக்கறாரு. ரெண்டு வருசமா." சொல்லிவிட்டு எழுந்து தொழுவத்துக்குப் போய்விட்டேன். அங்கே எனக்கு வேலை ஒன்றும் இல்லை. செவலையின் கழுத்தைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

உள்ளே போன் அடித்துக்கொண்டே இருந்தது. நின்றது. இனி அடிக்காது என்று நினைத்தேன். மூன்றாம் முறை அடித்தது. பாதியில் சத்தம் நின்றது.

பிறகு மாமனார் தொண்டையைச் செருமுவது கேட்டது.

"ஆறீட்டு இருக்குதுடா" என்றார்.

கொஞ்ச நேரம் கழித்து, "பாலத்துக்கிட்டக் கொழாய்க்குத் தோண்டிப் போட்டிருக்கறாங்க. பெரிய வண்டி திரும்பாது. ரோட்டுலயே நிறுத்திப் போட்டு நடந்து வா" என்றார்.

அவ்வளவுதான். மூன்று மூச்சுக்கூட இருக்காது அந்தப் பேச்சு. நான் இரண்டு வருடம் தூக்கிக்கொண்டு அலைந்ததை அப்பாவும் மகனும் அதற்குள் முடித்துக்கொண்டார்கள். மாட்டின் கழுத்தில் முகத்தை வைத்துக்கொண்டு அழுதேன். அவர் வருகிறார் என்பதற்காகப் பாதி. என் வார்த்தைக்கு வரவில்லையே என்பதற்காக மீதி. அந்த மீதியை அவர் வந்த பிறகும் நான் விடப்போவதில்லை.